பாத்ரூம் லைனிலிருந்து பின்பக்க சிங்க்குக்குக் குழாய் இழுக்கலாமா?

வில்லாபுரத்தில் வீடு, பின்பக்கம் பாத்திரம் கழுவ சிங்க் வைக்கணும், பாத்ரூம் லைனிலிருந்தே எடுக்கலாமா என்று கேட்டிருக்கிறீர்கள். தாராளமாக எடுக்கலாம். எந்த இடத்தில் பிரிக்கிறீர்கள் என்பதுதான் முக்கியம். ஷவருக்குப் போகும் அரை இஞ்ச் குழாயில் டீ (மூன்று வழி இணைப்பு) போட்டால், சிங்க்கைத் திறந்ததும் ஷவரில் தண்ணீர் நூலாகத்தான் வரும். மேல்தொட்டியிலிருந்து இறங்கும் முக்கால் இஞ்ச் குழாயில் பிரித்து, கடைசியில் மட்டும் அரை இஞ்சுக்கு மாற்றுங்கள். தொட்டி 10 அடி உயரத்தில் இருந்தால் தண்ணீர் அழுத்தம் சுமார் 0.3 பார் (bar)தான், குறைவு. அதனால் எல்போக்களை (வளைவு இணைப்புகளை) குறைத்தால் நல்லது. பிரியும் இடத்தில் ஒரு பால் வால்வு (தண்ணீரைத் திறந்து மூடும் வால்வு) கட்டாயம் வேண்டும்.

பழைய குழாய் சிபிவிசியா (CPVC) யுபிவிசியா (UPVC), எந்த வகை பிளாஸ்டிக் என்று அதன் மேல் அச்சடித்திருப்பதைப் பார்த்துவிட்டே கடைக்குப் போங்கள். இரண்டுக்கும் பசையும் வேறு, அளவும் வேறு. வெட்டிய முனையின் பிசிறைச் சுரண்டி, ஈரத்தைத் துடைத்து, இரண்டு பக்கமும் பசை தடவி, கால் சுற்றுத் திருப்பிச் சொருகி, அரை நிமிடம் அழுத்திப் பிடியுங்கள். உடனே கையை எடுத்தால் குழாய் தானாகப் பின்னால் நழுவும், கசிவு அங்கேதான் வரும். மறுநாள் தண்ணீர் விட்டால் போதும்.

போர் தண்ணீர் உப்பாக இருந்தால் ஆங்கிள் காக்கில் (சுவரில் குழாய் முடியும் இடத்தில் வைக்கும் சிறு வால்வு) காசு பார்க்காதீர்கள், நல்ல பித்தளையே வாங்குங்கள்.

கழிவுக்கு ஒன்றரை இஞ்ச் குழாய், 4 அடிக்கு 1 இஞ்ச் சரிவு. சிங்க்குக்குக் கீழே டிராப் (தண்ணீர் தேங்கி நிற்கும் வளைவுக் குழாய்) இல்லாவிட்டால் சாக்கடை நாற்றம் வீட்டுக்குள் ஏறும்.

கொத்தனார் சுவரைப் பூசுவதற்கு முன், வால்வைத் திறந்துவிட்டு ஒரு ராத்திரி முழுக்க எல்லா இணைப்பையும் கவனியுங்கள்.