நோட்டுல இல்லாத பேரு

அண்ணாச்சி, வணக்கம். அம்பாசமுத்திரத்துல ஜெராக்ஸ் கடை வச்சிருக்கேன். பழைய பிரிண்டர் போயிட்டுன்னு அதோட சாஃப்ட்வேர அன்இன்ஸ்டால் பண்ணேன். நடுவுல, 'இந்த ஷேர்டு ஃபைல வேற எதுவும் பயன்படுத்துத மாதிரி தெரியல, அழிச்சிரவா'ன்னு கேட்டுச்சு. எல்லாத்துக்கும் யெஸ்னு அமுக்கிட்டேன். இப்ப அதே கம்பெனி புது மெஷின்ல பிரிண்ட் வருது, ஸ்கேன் யூட்டிலிட்டி மட்டும் டிஎல்எல் காணும்ங்குது. நெட்டுல அந்த ஒத்த ஃபைல மட்டும் தாராங்க, இறக்கி சிஸ்டம்32ல போட்டுரவா? லினக்ஸுக்கு மாறிட்டா இந்தத் தொல்லை இருக்காதா? அடுத்து லேசர் வாங்கலாமா?

தம்பி,

போடாத. மொதல்ல அந்த சைட்ட மூடு. டிஎல்எல்லுங்கது படமோ பாட்டோ இல்ல, பல புரோகிராமுங்க பொதுவா எடுத்துக்கிடுத, ஓடுத கோடு, அதக் கூப்பிடுத புரோகிராமுக்கு என்னென்ன அதிகாரம் உண்டோ அத்தனையும் அதுக்கும் வந்திரும். 2021ல பிரிண்ட்நைட்மேர்னு அலறுனாங்களே, அது பிரிண்ட் வேலைய வரிசையில வச்சி அனுப்புத பிரிண்ட் ஸ்பூலருக்குள்ள டிரைவர்ங்க பேருல கள்ள டிஎல்எல்ல ஏத்துன கததான். உன் மெஷின்ல ஊர்க்காரங்க ஆதாரும் பட்டாவும் கெடக்கே, அந்த நெனப்பு வேண்டாமா? இதுல விண்டோஸ் தன் சொந்த ஃபைல வச்சிருக்க சிஸ்டம்32 ஃபோல்டர் வேற! 64 பிட் விண்டோஸ்ல சிஸ்டம்32க்குள்ள இருக்கது 64 பிட் ஃபைலு, 32 பிட் ஃபைலெல்லாம் சிஸ்வாவ்64ங்க ஃபோல்டர்ல இருக்கு. பேரு வச்சவன் வாயில சர்க்கரயப் போடணும்.

லினக்ஸ், லேசர் எல்லாம் இன்னொரு நாளு பேசுவோம்.

அன்இன்ஸ்டால் பண்ணும்போது அது உன்ட்ட 'வேற எதுவும் பயன்படுத்துத மாதிரி தெரியல'ன்னுதானலே சொல்லுச்சு, 'இல்ல'ன்னா சொல்லுச்சு? விண்டோஸ் செட்டிங்ஸக் குறிச்சு வைக்குத ரிஜிஸ்ட்ரில ஷேர்டுடிஎல்எல்ஸ்னு ஒரு இடம் இருக்கு, கணக்கு நோட்டுன்னு வச்சிக்கோ. பொது ஃபைல வைக்க வார புரோகிராமு அதுக்கு நேரா ஒண்ணு கூட்டணும், காலி பண்ணிட்டுப் போகையில ஒண்ணு கழிக்கணும், பூஜ்யம் ஆனா அழிச்சிரவான்னு உன்ட்ட கேக்கும். ஆனா விண்டோஸ் தானா எண்ணாது பாத்துக்கோ, இன்ஸ்டாலர்தான் ஒழுங்கா எழுதணும். ஃபைலுதான் ஏற்கெனவே கெடக்கேன்னு எழுதாம வந்து ஒட்டிக்கிட்டவன் பேரு நோட்டுல எப்படி இருக்கும்? உன் ஸ்கேன் யூட்டிலிட்டி அப்படி வந்ததாத்தான் இருக்கும்.

இத எழுதும்போது எனக்கு எங்க ஆச்சி நோட்டுதான் கண்ணுல நிக்கி. கல்லிடைக்குறிச்சியில ஆச்சி வீட்டு மச்சுல தெருவுக்குப் பொதுவா ஒரு பெரிய வெங்கல உருளி கெடந்துச்சு, கல்யாணம் சடங்குன்னா எந்த வீட்டுக்காரங்களும் தூக்கிட்டுப் போவாங்க, வேணும்ங்கவங்க பேர நாப்பது பக்க நோட்டுல எழுதணும். ஆச்சிக்குக் கண்ணு மங்கிட்டதால எழுத்து வேல எனக்கு. ஒரு வருசம் பாத்திரக்காரர் வந்து நல்ல வெல கேக்காரு, ஆச்சி 'பேரு எதுவும் இருக்கா பாருல'ன்னு சொல்லுதா, நான் வெளயாடப் போற அவசரத்துல ஒரு பெரட்டு பெரட்டிட்டு 'இல்ல ஆச்சி'ன்னுட்டேன். பொய்யில்ல, நோட்டுல இல்லதான். ஆனா கடைசி வீட்டு அத்த 'ஆவணில மூத்தவளுக்கு முகூர்த்தம், உருளி வேணும்'னு நடையில நின்னு சொல்லிட்டுப் போனத நான் என் காதால கேட்டிருந்தேன். வாயால சொன்னத எழுதல, அவ்வளவுதான். ஆவணி பொறந்ததும் அத்த பிரிமணையோட வந்து நிக்கா. ஆச்சி என்ன ஏசக்கூட இல்ல, மச்சுப்படியவே பாத்துக்கிட்டு இருந்தா. ஏசியிருக்கலாம்.

இப்ப சமையல்காரரே பாத்திரத்தோட வந்து எறங்கிருதாரு. விண்டோஸும் எக்ஸ்பி காலத்துலேந்து வின்எஸ்எக்ஸ்எஸ்னு ஒரு ஃபோல்டர்ல ஒரே டிஎல்எல்லோட பல வெர்ஷன பக்கத்துல பக்கத்துல வச்சி சண்டையக் கொறச்சிருக்கு. எடம்தான் நெறய புடிக்கும்.

சரி, உன் விசயம். புது மெஷினோட முழு பேக்கேஜ அந்தக் கம்பெனி சைட்டுலேந்து எறக்கி மேலயே திரும்பப் போடு. காணாமப் போன டிஎல்எல் பேரு எம்எஸ்விசிபி140ன்னா அது மைக்ரோசாஃப்ட்டோட விஷுவல் சி பிளஸ் பிளஸ் ரீடிஸ்ட்ரிபியூட்டபிள்ங்க பேக்கேஜ்ல வாரது, அத அவங்களே சும்மா தாராங்க. அடுத்த தடவ அந்தக் கேள்வி வந்தா 'நோ' அமுக்கு, ரெண்டு எம்பி வீணாப் போனாப் போவுது. ஸ்கேன் வந்திட்டான்னு ஒரு வரி எழுதிப் போடு.