கண் மங்கலுக்கு வைட்டமின் ஏ மாத்திரையா?

கேள்வி: எனக்கு வயது 44. குடியாத்தத்தில் வீட்டிலிருந்தே பீடி சுற்றுகிறேன். நூல் கட்டும்போது கண் மங்குவதால், பக்கத்து வீட்டு அக்கா சொன்னபடி 25,000 யூனிட் வைட்டமின் ஏ மாத்திரையைச் சில மாதங்களாகத் தினமும் போட்டு வருகிறேன். குழந்தைகளுக்கே இரண்டு லட்சம் யூனிட் ஊற்றுகிறார்கள், பயப்படாதே என்கிறார். இப்போது தலைவலி, உதட்டில் வெடிப்பு, முடி உதிர்வு. முழுகாமல் இருக்கும் என் மகளுக்கும் இதைக் கொடுக்கலாமா?

பதில்: மகளுக்குக் கொடுக்கவே கூடாது, நீங்களும் இன்றே நிறுத்திவிடுங்கள். மிஞ்சிய வைட்டமின் சி சிறுநீரோடு போய்விடும். வைட்டமின் ஏ அப்படியல்ல. கொழுப்பில் கரைவதால் கல்லீரலில் தங்கி, நாளுக்கு நாள் சேர்ந்துகொண்டே போகும். பெரியவர்களுக்கு நாளொன்றுக்கு 10,000 யூனிட்தான் உச்ச வரம்பு என்றிருக்க, நீங்கள் அதைப் போல இரண்டரை மடங்கு விழுங்கியிருக்கிறீர்கள். நீங்கள் சொல்லும் மூன்று தொல்லைகளும் இந்த மிகுதியால் வரக்கூடியவையே. கவனிக்காமல் விட்டால் கல்லீரல் கெடும், எலும்பும் வலுவிழக்கும். குழந்தைகளுக்கு ஊற்றுவது ஆறு மாதத்துக்கு ஒரே ஒரு தடவை, அதுவும் ஐந்து வயது வரைதான் என்பதை அந்த அக்காவிடம் சொல்லுங்கள்.

கர்ப்பத்தின் முதல் சில மாதங்களில் இச்சத்து அளவு மீறினால் சிசுவின் முகம், இதயம், மூளை ஆகியவை ஊனமாக உருவாகும் அபாயம் உண்டு. ரத்தம் ஊறும் என்று நம் பக்கத்தில் கர்ப்பிணிகளுக்கு ஆட்டு ஈரல் வறுத்துக் கொடுப்பார்கள். ஈரலிலும் வைட்டமின் ஏ மிக அதிகம் என்பதால் பிரசவம் வரை அதையும் தவிர்ப்பது நல்லது. முருங்கைக்கீரை, கேரட், மாம்பழம் ஆகியவற்றில் இருப்பதை உடல் தன் தேவைக்கேற்பவே வைட்டமின் ஏ-யாக மாற்றிக்கொள்கிறது. கேரட்டை அளவுக்கு மீறித் தின்றால் உள்ளங்கை மஞ்சளாகுமே தவிர, இத்தகைய தீங்கு வராது. மகள் அவற்றைத் தாராளமாகச் சாப்பிடட்டும். ஆரம்ப சுகாதார நிலையத்தில் தரும் இரும்புச்சத்து மாத்திரையையும் விடாமல் போடட்டும்.

உங்கள் கண்ணுக்கு வந்திருப்பது பெரும்பாலும் வெள்ளெழுத்துதான். நாற்பதைத் தாண்டிய எவருக்கும் வருகிற அதற்குக் கண்ணாடிதான் தீர்வு. எந்தச் சத்து மாத்திரையாலும் அது சரியாகாது. இருந்தாலும் கண்ணைப் பரிசோதித்த பிறகே கண்ணாடி வாங்குங்கள். மாத்திரை அட்டையை எறியாமல் பொது மருத்துவரிடம் காட்டி, கல்லீரலுக்கான ரத்தப் பரிசோதனை செய்துகொள்ளுங்கள். தலைவலியோடு வாந்தியோ, ஒன்று இரண்டாகத் தெரிவதோ சேர்ந்தால், மண்டைக்குள் அழுத்தம் கூடியிருக்கலாம் என்பதால், அன்றைக்கே வேலூருக்குப் போய்ப் பெரிய மருத்துவமனையில் காட்டிவிடுங்கள்.