டெல்லி கணேஷ் – ஒரு கடிதமும் பதிலும்

"சார், டெல்லி கணேஷ் 400 படத்துக்கு மேல நடிச்சும் கடைசி வரைக்கும் ஹீரோ பக்கத்துல நின்னவராவே போய்ட்டாரு, தேசிய விருதும் இல்ல, நினைச்சா பாவமா இருக்கு. என் அக்கா பையன் பேங்க் வேலைய விட்டுட்டு நடிக்கப் போறேங்கறான், விடலாமா?"

அன்புள்ள தம்பி,

கடிதத்துல மனசு தெரியுது, சந்தோஷம். ஆனா அந்த "பாவம்" இருக்கே, அதுக்கு உங்கள நல்லா திட்டணும் போல இருக்கு. யாரு பாவம்? 1964லேர்ந்து பத்து வருஷம் விமானப்படையில இருந்தவர், டெல்லியில தட்சிண பாரத நாடக சபாவுல நாடகம் போட்டு, பாலசந்தரோட 'பட்டினப்பிரவேசம்' மூலமா 1977ல சினிமாவுக்கு வந்தப்ப வயசு முப்பத்தி மூணு, அதுக்கப்புறம் 2024 நவம்பர்ல எண்பது வயசுல போற வரைக்கும் சினிமா, சீரியல்னு இயங்கிட்டே இருந்த மனுஷன். விருதப் பத்தி எனக்குக் கவலையே இல்ல, விடுங்க.

நான் கொஞ்ச நாளாவே சொல்லணும்னு இருந்தது வேற. நீங்க அவர் பேசினதத்தான் பாத்திருக்கீங்க, கேட்டதப் பாக்கல. 'பசி'ல ஷோபாவுக்கு தேசிய விருது கிடைச்சுது, நியாயம்தான், ஆனா அந்தப் பொண்ணோட அப்பாவா, ரிக்‌ஷாக்காரரா இவர் இல்லாம அந்தக் குடும்பத்த நம்பியிருப்பீங்களா? 'நாயகன்'ல தமிழ் மட்டுமே தெரிஞ்ச வேலு நாயக்கருக்கு இந்தி பேசற ஐயர். மொழிபெயர்க்கறவன் ரெண்டு பக்கமும் காது குடுக்கணும், நாயக்கரோட கோபத்த கூட்டவும் கூடாது குறைக்கவும் கூடாது, தனக்கு இருக்கற பயமும் தெரியணும், எல்லாம் ஒரே முகத்துல. அடுத்த தடவை பாக்கும்போது கமல விட்டுட்டு இவர மட்டும் பாருங்க. நான் அப்படித்தான் பாக்கறேன், வீட்ல திட்டினாலும்.

'சிந்து பைரவி'லயும் அதே செய்யுங்க. இவர்தான் மிருதங்கக்காரர் குருமூர்த்தி, குடிச்சிட்டு வந்தவர பாடகர் ஜேகேபியா வர்ற சிவகுமார் கச்சேரிக்கு வேண்டாம்னு அனுப்பிடறார். எங்க பெரியப்பா மிருதங்கம் வாசிச்சவர், குடியும் உண்டு. அந்த சீன் டிவில வந்தப்ப அவர் ஒண்ணுமே சொல்லல, சத்தத்த குறைக்கச் சொன்னார், அவ்வளவுதான். சிவகுமார் திட்டறது அவருக்குப் புதுசில்ல, வீட்ல எல்லாரும் திட்டினவங்கதான், ஆனா திட்டு வாங்கறவன் உள்ளுக்குள்ள எப்படி இருப்பான்னு ஒருத்தர் காட்டினது அவருக்கு அதான் முதல் தடவைன்னு நினைக்கறேன். இதப் போய் "பக்கத்துல நின்னவர்"ங்கறீங்க!

இப்ப சீரியல்ல ஒருத்தர் ஒரு வசனம் சொன்னா எட்டு பேர் முகத்த மூணு மூணு தடவை மியூசிக்கோட காட்டறாங்க, அதுல பாதிப் பேர் கேக்கவே இல்ல, தன் டர்ன் எப்ப வரும்னு நிக்கறாங்க. பாக்கவே வயிறு எரியுது.

அக்கா பையனா? வேலைய இப்ப விட வேண்டாம். சாயங்காலம் ஏதாவது நாடகக் குழுவுல சேரட்டும், வசனமே இல்லாத வேஷமா கேட்டு வாங்கி ஒரு வருஷம் பண்ணட்டும். அதுக்கப்புறமும் ஆசை இருந்தா எழுதச் சொல்லுங்க, உங்கள இல்ல, அவன.