“ஃப்ரண்ட்ல நிக்கிறவங்க பளிச்சுனு இருக்கணும்” என்று வேலை மறுத்தால் சட்டம் என்ன செய்யும்?

கேள்வி: எனக்கு வயது 33. பி.காம். முடித்துவிட்டு ஒரு மருத்துவமனையில் பில்லிங், வரவேற்பு என்று எட்டு வருடம் வேலை பார்த்தேன். திருச்சியில் புதிதாகத் திறந்த ஒரு நகைக்கடையில் வாடிக்கையாளர் சேவைக்கு ஆள் எடுப்பதாக விளம்பரம் வந்தது. வயது வரம்பைத் தாண்டியிருந்தும் அனுபவத்தைப் பார்த்து அழைத்தார்கள். அதற்கு முன்பே, “முழு உயர போட்டோ ஒண்ணு வாட்ஸ்அப்ல அனுப்புங்க மேடம்” என்று கேட்டு வாங்கிக்கொண்டார்கள். நேர்காணலில் அடுத்த குழந்தை எப்போது என்று கேட்டார்கள். சின்ன வயதில் அடுப்பில் பட்ட தீக்காயத் தழும்பு என் கழுத்தில் இருக்கிறது. அதைப் பார்த்த மேலாளர், “புடவையைக் கொஞ்சம் இறக்கிக் கட்டினா கஸ்டமர் தழும்பைப் பார்க்க மாட்டான், வேற எடத்தைப் பார்ப்பான்” என்று சொல்லிச் சிரித்தார். மூன்றாம் நாள் ஹெச்.ஆரிடமிருந்து வாய்ஸ் மெசேஜ்: “அனுபவமெல்லாம் ஓகே மேடம். ஃப்ரண்ட்ல நிக்கிறவங்க கொஞ்சம் பளிச்சுனு இருக்கணும்னு மேனேஜ்மென்ட்ல சொல்றாங்க.” அன்று என்னோடு வந்திருந்த, இரண்டே வருட அனுபவம் உள்ள ஆண் ஒருவரை எடுத்துக்கொண்டார்கள். அவரிடம் போட்டோ கேட்கவில்லை என்று அவரே சொன்னார். இதெல்லாம் நடந்து ஏழு வாரம் ஆகிறது. வழக்குப் போட முடியுமா?

பெயர் வெளியிட விரும்பாத வாசகி, திருச்சி

பதில்: சகோதரி, கசப்பான பதிலை முதலில் சொல்லிவிடுகிறேன். பார்க்க நன்றாக இல்லை என்ற ஒரே காரணத்துக்காக ஒரு தனியார் கடை உங்களை வேண்டாம் என்றால், அதை மட்டும் வைத்து வழக்காட நம் சட்டத்தில் இடமில்லை. அரசு வேலையில் மதம், இனம், சாதி, பால், பிறப்பிடம் போன்ற காரணங்களால் பாகுபாடு கூடாது என்று அரசியலமைப்பின் 16-ஆம் பிரிவு சொல்கிறது. அந்த வரிசையில் தோற்றம் இல்லை. அந்தப் பிரிவு நகைக்கடை முதலாளியைக் கட்டுப்படுத்துவதும் இல்லை. பிரான்ஸில் 2001 முதல் உடல் தோற்றத்தைக் காரணம் காட்டி வேலை மறுப்பது சட்டப்படி தவறு. நம்மிடம் அப்படி ஒரு வரி இல்லை.

உங்கள் தழும்புக்கும் இதே நிலைதான். மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம் 2016, அமில வீச்சில் முகமோ உடலோ சிதைந்தவர்களை மாற்றுத்திறனாளிகளாக ஏற்றுப் பாதுகாப்புத் தருகிறது. அடுப்பில் பட்ட காயம் அந்த வரையறைக்குள் வராது. இது நியாயமில்லை என்றுதான் நானும் நினைக்கிறேன். ஆனாலும் பொய் நம்பிக்கை தந்து உங்களைக் கோர்ட்டுக்கு அலையவிட எனக்கு மனம் வரவில்லை.

ஆனால் உங்கள் கடிதத்தை இரண்டாம் முறை படித்தபோது ஒன்று தெளிவாகத் தெரிந்தது. ‘பளிச்சென்று இல்லை’ என்ற பேச்சுக்குப் பின்னால், சட்டம் பெயர் சொல்லித் தடுத்திருக்கும் வேறு விஷயங்கள் நடந்திருக்கின்றன.

நீங்கள் அனுப்பிய விளம்பரத் துண்டு என் மேசை மேல் இருக்கிறது. உள்ளங்கை அகலம்தான். ‘வாடிக்கையாளர் சேவை. ஆண்கள்: ஏதேனும் பட்டம், 2 வருட அனுபவம். பெண்கள்: ஏதேனும் பட்டம், 28 வயதுக்குள், திருமணமாகாதவர், நல்ல தோற்றம்.’ கீழே இருவருக்கும் ஒரே சம்பளம். வேலை ஒன்று, சம்பளம் ஒன்று. ஆணுக்கு அனுபவம் போதும். பெண்ணுக்கு மட்டும் வயது, கல்யாணம், முகம் என்று மூன்று தடை. ‘நல்ல தோற்றம்’ என்பதை இருவரிடமும் கேட்டிருந்தால் அதை வைத்து உங்களுக்கு வழக்கே இல்லை. பெண்ணிடம் மட்டும் கேட்டதால் அது தோற்றத்தைப் பற்றிய கேள்வியாக இல்லாமல், பால் அடிப்படையிலான பாகுபாடாகிவிடுகிறது. போட்டோ விஷயமும் அப்படியே. உங்களிடம் கேட்டார்கள், அவரிடம் கேட்கவில்லை. உங்கள் கையில் இருக்கும் பலமான சரக்கு இதுதான்.

2025 நவம்பர் 21 முதல் நடைமுறைக்கு வந்திருக்கும் ஊதியச் சட்டத் தொகுப்பு 2019-இன் 3-ஆம் பிரிவு, ஒரே வேலைக்கோ ஒத்த தன்மையுள்ள வேலைக்கோ ஆள் எடுக்கும்போது பால் அடிப்படையில் பாகுபாடு காட்டக் கூடாது என்கிறது. தனியார் கடைகளும் இதற்குக் கட்டுப்பட்டவைதான். இதற்கு முன்பு சம ஊதியச் சட்டம் 1976-இன் 5-ஆம் பிரிவு இதே வேலையைச் செய்தது. 2024 ஜூனில், ஸ்ரீபெரும்புதூர் பக்கம் கைபேசி தயாரிக்கும் ஓர் ஆலையில் திருமணமான பெண்களை எடுப்பதில்லை என்று செய்தி வந்தபோது, மத்திய தொழிலாளர் அமைச்சகம் அந்தப் பிரிவைச் சுட்டிக்காட்டித்தான் தமிழக அரசிடம் அறிக்கை கேட்டது. பழைய சட்டம் பெண்ணுக்கு எதிரான பாகுபாட்டை மட்டும் தடுத்தது. புதியது ‘பால் அடிப்படையில்’ என்கிறது. அதனால் ‘ரிசப்ஷனுக்குப் பெண்கள்தான்’ என்று திருப்பி அனுப்பப்படும் ஓர் இளைஞரும் இனி இதைக் கேள்வி கேட்கலாம்.

புகாரைத் தொழிலாளர் உதவி ஆணையர் அலுவலகத்தில் எழுத்தில் கொடுங்கள். குற்ற வழக்குத் தொடுப்பது அவர்கள் பொறுப்பு. முதல் தடவைக்கு அபராதம் அதிகபட்சம் 20,000 ரூபாய். ஒரு நகைக்கடைக்கு இது பெரிய தொகையே இல்லை. அந்த அபராதத்தால் உங்களுக்கு வேலையும் கிடைத்துவிடாது. ஆனாலும் புகார் பதிவானால் அந்த விளம்பரத்தை மறுபடி அப்படியே போட அவர்கள் யோசிப்பார்கள்.

அழகை வைத்து நடக்கும் தொழிலிலேயே இந்தக் கேள்வி ஒருமுறை உச்ச நீதிமன்றம் வரை போனது. சாரு குரானா என்ற ஒப்பனைக் கலைஞருக்கு மும்பைத் திரைத்துறைச் சங்கம் ஒப்பனைக் கலைஞர் அட்டை தர மறுத்தது. பெண்களுக்கு முடி அலங்காரத்துக்கான அட்டை மட்டும்தான், முகத்துக்கு ஒப்பனை போடுவது ஆண்கள் வேலை என்பது அங்கே வழக்கம். ஆண்களின் பிழைப்பு போய்விடக் கூடாது என்பதுதான் அவர்கள் சொன்ன காரணம். 2014-ல் உச்ச நீதிமன்றம் அந்த விதியைத் தூக்கி எறிந்தது. நடிகையின் முகத்தை அழகாக்கும் வேலையைக்கூடப் பெண் செய்யக் கூடாது என்று இத்தனை காலம் நடத்தியிருக்கிறார்கள் என்பதை, அந்தத் தீர்ப்பைப் படிக்கும்போதெல்லாம் என்னால் ஜீரணிக்க முடிவதில்லை.

குழந்தை பற்றிய கேள்விக்கு வருகிறேன். அப்படிக் கேட்பதையே குற்றமாக்கும் தனிச்சட்டம் கிடையாது. ஆனால் எல்.ஐ.சி. ஒரு காலத்தில் வேலைக்கு வரும் பெண்களிடம் மாதவிலக்குத் தேதி, கர்ப்பம் பற்றியெல்லாம் படிவத்தில் எழுதி வாங்கியது. அதன் பேரில் வேலையிலிருந்து நீக்கப்பட்ட நீரா மாத்தூரின் வழக்கில் 1991-ல் உச்ச நீதிமன்றம் அதைக் கண்டித்து, அவரை மீண்டும் வேலையில் சேர்க்கச் சொன்னது. உங்கள் புகாரில் இந்தக் கேள்வி, பெண் என்பதால் உங்களை வேறு தராசில் நிறுத்துப் பார்த்தார்கள் என்பதற்கு இன்னொரு சாட்சி.

இனி, அவசரமான விஷயம். மேலாளர் புடவையைப் பற்றிச் சொன்னதை நீங்கள் கடிதத்தில் ஒரு வரியில் கடந்துவிட்டீர்கள். என் கண்ணில் அதுதான் முதலில் பட்டது. அது பாலியல் தொனியுள்ள பேச்சு. பணியிடத்தில் பெண்கள் மீதான பாலியல் துன்புறுத்தலைத் தடுக்கும் 2013-ஆம் ஆண்டுச் சட்டத்தில் அதற்குப் பெயர் பாலியல் துன்புறுத்தல். “நான் அங்கே வேலையிலேயே சேரவில்லையே” என்று தயங்காதீர்கள். பாதிக்கப்பட்ட பெண் அங்கே வேலையில் இருந்தாலும் இல்லாவிட்டாலும் புகார் தரலாம் என்று அந்தச் சட்டமே சொல்கிறது. நேர்காணலுக்குப் போனவரும் அதில் அடக்கம். பத்துப் பேரோ அதற்கு மேலோ வேலை செய்யும் கடை என்றால் உள்ளகப் புகார்க் குழு இருந்தே ஆக வேண்டும். குழு இல்லை என்றாலோ, புகார் முதலாளி மீதே என்றாலோ, மாவட்டத்தின் உள்ளூர்ப் புகார்க் குழுவுக்குப் போகலாம். அது எங்கே என்று ஆட்சியர் அலுவலகத்தில் கேளுங்கள். “பேசி முடிச்சுக்கலாமே” என்று யாராவது வருவார்கள். நீங்களாகக் கேட்டால் ஒழியச் சமரசம் பேச முடியாது. பணம் கொடுத்து முடிக்கும் சமரசத்துக்குச் சட்டத்தில் இடமும் இல்லை.

இந்தப் புகாருக்குக் கெடு மூன்று மாதம். ஏழு வாரம் போய்விட்டது. தக்க காரணம் காட்டினால் குழு இன்னும் மூன்று மாதம் வரை நீட்டிக்கலாம், ஆனால் அதை நம்பி உட்காராதீர்கள்.

வாட்ஸ்அப்பில் எதையும் அழிக்க வேண்டாம். போனை மாற்றவும் வேண்டாம். ஸ்கிரீன்ஷாட் மட்டும் போதாது. புதிய சாட்சியச் சட்டமான பாரதிய சாட்சிய அதினியத்தின் 63-ஆம் பிரிவுப்படி ஒரு சான்றிதழ் இணைத்தால்தான் மின்னணுப் பதிவு கோர்ட்டில் நிற்கும். அந்த வாய்ஸ் மெசேஜ் அசல் போனிலேயே இருக்கட்டும். உங்களோடு வந்த அந்த இளைஞரிடமும் பேசிப் பாருங்கள். வேலையில் இருப்பவர், பயப்படுவார். வற்புறுத்த வேண்டாம். அவர் வராவிட்டாலும் விளம்பரமே பேசும்.

வக்கீல் ஃபீஸ் பற்றிக் கவலை வேண்டாம். சட்டப் பணிகள் ஆணையச் சட்டம் 1987-இன் 12-ஆம் பிரிவுப்படி, வருமானம் எவ்வளவு இருந்தாலும் பெண்களுக்கு இலவசச் சட்ட உதவி உண்டு. மாவட்ட நீதிமன்ற வளாகத்திலேயே அந்த அலுவலகம் இருக்கும். 15100 என்ற எண்ணிலும் அழைக்கலாம்.

புகார் எழுதும்போது “அழகில்லை என்று சொல்லிவிட்டார்கள்” என்று தொடங்காதீர்கள். விளம்பரம் வந்த தேதியில் தொடங்குங்கள். ஆணுக்கு என்ன கேட்டார்கள், உங்களுக்கு என்ன கேட்டார்கள், போட்டோ எந்த நாள் எத்தனை மணிக்குக் கேட்டார்கள், மேலாளர் எந்த வார்த்தையைச் சொன்னார், அப்போது அறையில் யார் யார் இருந்தார்கள் என்று வரிசையாக எழுதுங்கள். மேலாளர் சொன்னதை நாகரிகப்படுத்தாமல் அவர் வாயிலிருந்து வந்தபடியே எழுதுங்கள். அதை எழுதக் கூச்சமாக இருந்தால், சொன்னவர்தான் கூச்சப்பட வேண்டியவர், நீங்கள் இல்லை. இரண்டு நகல் எடுத்துக்கொண்டு போய், ஒன்றில் தேதி போட்ட முத்திரை வாங்கி வையுங்கள்.