ஓவியம் படிக்க ஆசை, அப்பா பேச மறுக்கிறார்

கேள்வி: ஐயா, மலேசியாவின் சுங்கை சிப்புட்டில் படிவம் 5 படிக்கிறேன். அப்பா செம்பனைத் தோட்டத்தில் குலை வெட்டுகிறார். ஓவியம் படிக்க ஆசை. ஒரு தனியார் கல்லூரியில் கட்டணம் விசாரித்துவிட்டு வந்ததிலிருந்து அப்பா வாயே திறப்பதில்லை. அம்மா, "கணக்கியல் எடு, படத்தை வீட்டில் வரை" என்கிறார். ஆசையை விட்டுவிடவா?
- பெயர் வேண்டாம்

பதில்: அப்பா கோபத்தில் இல்லையம்மா. அந்தத் தொகை அவர் தொண்டையில் நிற்கிறது. நான் தமிழ்ப்பள்ளியில் ஓவியம் சொல்லிக்கொடுத்து ஓய்வு பெற்றவன். இப்படி வாயடைத்துப்போன அப்பாக்களை நிறையப் பார்த்திருக்கிறேன்.

தனியார் கல்லூரியை மறந்துவிடு. யூஐடிஎம் அரசாங்கப் பல்கலைக்கழகத்தில் டிப்ளோமாவும் இளங்கலையும் பூமிபுத்திரர்களுக்குத்தான் (மலாய்க்காரர், பூர்வகுடியினர்), அங்கே அலையாதே. கோலாலம்பூரில் உள்ள அஸ்வாரா அரசாங்கத்தின் கலைக்கழகம், எல்லா இனத்தாருக்கும் இடம் உண்டு, நுண்கலை டிப்ளோமா இருக்கிறது. இன்னும் மலிவான வழி பள்ளியிலேயே படிவம் 6. அதன் முடிவில் எழுதும் எஸ்டிபிஎம் தேர்வில் செனி விசுவல், அதாவது காட்சிக்கலை, ஒரு பாடம். நல்ல புள்ளி வந்தால் பினாங்கில் உள்ள யூஎஸ்எம் பல்கலைக்கழகம். என்னைக் கேட்டால் இதுதான். வீட்டுச் சோறு தின்றுகொண்டே கையைப் பழக்கலாம்.

பணத்துக்கு பிடிபிடிஎன் என்ற அரசாங்கக் கல்விக் கடன் நிதி இருக்கிறது, ஆனால் அது கடன், உன் தலையில்தான் விழும். அதற்கு முன் அப்பாவின் கேடபிள்யூஎஸ்பியை, அதாவது ஊழியர் சேமநிதியைப் பார். 2024 மே மாதம் கணக்கு மூன்றாகப் பிரிந்தது; பிள்ளையின் டிப்ளோமா, பட்டப்படிப்புக்கு அதில் ஒன்றான செஜாத்ரா கணக்கிலிருந்து எடுக்கலாம். வீட்டில் பழைய தகரப்பெட்டி இருந்தால் துழாவு. துண்டு துண்டாக விற்கப்பட்ட தோட்டங்களைத் தொழிலாளிகளே வாங்க 1960இல் அமைச்சராக இருந்த துன் சம்பந்தன், அதுவும் உங்கள் ஊர்க்காரர், தொடங்கிய தேசிய நிலநிதிக் கூட்டுறவுச் சங்கத்தில் தாத்தா பங்கு வாங்கியிருக்கலாம். உறுப்பினர் குடும்பத்துக்குக் கல்வி உதவி உண்டா என்று நேரில் கேள்.

சேர்க்கை நேர்முகத்துக்கு நடிகர் படத்தைப் பார்த்து வரைந்ததைக் கொண்டு போகாதே. தேர்வாளர்கள் பார்த்துப் பார்த்துச் சலித்துப்போயிருப்பார்கள். 6பி பென்சிலும் மலிவுத் தாளும் போதும். அப்பா சாயங்காலம் அரிவாள் தீட்டும்போது எதிரில் உட்கார். கழியைப் பிடித்துப் பிடித்துக் காய்த்த உள்ளங்கை, முள் கீறிய முழங்கை, முழங்கால்வரை சேறு ஏறிய பூட்ஸ். அதை வரை.

கைச்செலவுக்கு ஒரு வழி: தீபாவளிக்கு முன் பேரங்காடிகளில் அரிசிக் கோலம் போட ஆள் தேடுவார்கள். முன்பணம் வாங்காமல் குனியாதே.

அப்பாவிடம் பேசும்போது கட்டண விவரத்தைத் தாளில் எழுதிக்கொண்டு போ. சம்பளம் போட்ட வாரமாகப் பார்த்துப் பேசு; மழையில் வெட்டு நின்ற மாதத்தில் வேண்டவே வேண்டாம்.