இன்ஜின் ஆயில் குடிக்கிறதா? முதலில் அதன் மூச்சைப் பாருங்கள்

இந்த முறை வந்த கேள்விகளைப் பிரித்துப் பார்த்தால் பாதிக்கு மேல் ஒரே சாமானைச் சுற்றி வருகின்றன: ஆயில் செபரேட்டர். மற்ற கேள்விகளை அடுத்த இதழுக்குத் தள்ளிவிட்டு இதையே பேசிவிடலாம்.

கேள்வி: என் பெட்ரோல் கார் ஒன்றரை லட்சம் கிலோமீட்டர் ஓடியிருக்கிறது. ஆறு மாதமாக ஆயிரம் கிலோமீட்டருக்கு முக்கால் லிட்டர் ஆயில் குறைகிறது. கீழே ஒரு சொட்டு ஒழுகல் இல்லை, ஆனால் காலையில் ஸ்டார்ட் செய்ததும் நீலப் புகை வருகிறது. ஒரு மெக்கானிக் ரிங் போய்விட்டது, இன்ஜினைப் பிரிக்கணும் என்கிறார். இன்னொருவர் ஆயில் செபரேட்டரை மாற்றினாலே போதும் என்கிறார். யாரை நம்புவது சார்?

இப்போதைக்கு இருவரையும் நம்ப வேண்டாம். இருவருமே அளந்து பார்க்காமல் சொல்கிறார்கள்.

எவ்வளவு நல்ல இன்ஜினாக இருந்தாலும் எரிந்த வாயுவில் கொஞ்சம் பிஸ்டன் ரிங்குகளைத் தாண்டிக் கீழே கிராங்க்கேஸுக்குள் (கிராங்க் சுழலும் இன்ஜின் அடிப்பெட்டி) இறங்கத்தான் செய்யும். அதில் எரியாத பெட்ரோல் இருக்கும், நீராவி இருக்கும், கிராங்க் சுழன்று அடிக்கிற அடியில் பனி மாதிரி தெறிக்கும் ஆயில் துளிகளும் சேர்ந்துகொள்ளும். இதை உள்ளேயே விட்டால் அழுத்தம் ஏறி சீல்களைப் பிதுக்கிவிடும் என்பதால் இன்ஜின் காற்றை இழுக்கும் இன்டேக் பக்கமாக உறிஞ்சி மறுபடி எரித்துவிடுகிறார்கள். போகிற வழியில் ஆயிலை மட்டும் பிரித்துக் கீழே சம்ப்புக்கு (ஆயில் தேங்கும் தொட்டி) திருப்பி அனுப்புவதுதான் செபரேட்டரின் வேலை. உள்ளே பெரிய மாயம் ஒன்றுமில்லை, வாயுவை வளைத்து வளைத்து ஓடவிட்டாலோ சுழலவிட்டாலோ கனமான துளிகள் சுவரில் மோதி வழிந்துவிடும். பல இன்ஜின்களில் கூடவே ஒரு டயாஃப்ரமும், அதாவது மெல்லிய ரப்பர் சவ்வும் இருக்கும். இன்டேக்கின் உறிஞ்சல் முழுவதும் கிராங்க்கேஸுக்குள் போய்விடாமல் கொஞ்சமாக மட்டும் இழுக்கும்படி பார்த்துக்கொள்வது அதுதான்.

டயாஃப்ரம் கிழிந்தால் அளவுக்கு மீறி இழுக்கும், வாயுவோடு ஆயிலும் போய் எரியும். வழி அடைத்துக்கொண்டால் இழுக்கவே இழுக்காது, உள்ளே அழுத்தம் ஏறி, ஆயில் மட்டம் பார்க்கும் டிப்ஸ்டிக்கைத் தள்ளும், வால்வு கவர் ஓரத்திலும் கிராங்க் சீலிலும் கசிய ஆரம்பிக்கும். மூன்றாவதாக ஒன்று உண்டு, இதைப் பலர் கவனிப்பதே இல்லை. பிரித்த ஆயில் கீழே இறங்கும் வடிகுழாய் அடைத்தாலும் ஆயில் மேலேயே தேங்கி அப்படியே இன்டேக்குக்குப் போய்விடும். பிஎம்டபிள்யூவின் எம்54 இன்ஜினில் இந்த வடிகுழாய் டிப்ஸ்டிக் குழாயின் பக்கத்தில் போய்ச் சேரும், அந்தக் குறுகிய இடத்தில் கசடு கட்டி அடைப்பது அதில் பேர்போன வியாதி. தேங்கிய ஆயில் மொத்தமாக ஒரு சிலிண்டருக்குள் இறங்கினால் கனெக்டிங் ராடே வளைந்துவிடும், அதனால் இதை லேசாக எடுத்துக்கொள்ள வேண்டாம்.

சரி, அளப்பது எப்படி? முதலில் ஒரு மெல்லிய ரப்பர் கையுறை. இன்ஜின் சூடாகி ஐட்லிங்கில் ஓடும்போது ஆயில் மூடியைத் திறந்து, கையுறையை அந்த ஆயில் துளையின் வாயில் இறுக்கிப் போர்த்துங்கள். லேசாக உள்ளே குழிந்தால் நல்லது. பலூன் மாதிரி உப்பினால் அடைப்பு அல்லது ரிங் தேய்மானம். வெடுக்கென்று உள்ளே இழுத்துக்கொண்டால் டயாஃப்ரம். கை, சட்டை, துணி எதுவும் பெல்ட் பக்கம் போகக்கூடாது, சொல்லிவிட்டேன்.

கையுறை திசையைத்தான் காட்டும், எண் வேண்டுமென்றால் தண்ணீர்க் குழாய் வேண்டும். ஒரு பழைய ஆயில் மூடியில் துளை போட்டு நிப்பிள் பொருத்தி, மூன்று மீட்டர் நிறமில்லாத பிளாஸ்டிக் குழாயை மாட்டி, அதை ஒரு பலகையில் U வடிவில் கட்டி, பாதி வரை தண்ணீர் ஊற்றுங்கள். நடுவில் ஒரு காலி பாட்டிலைச் சேர்த்துக்கொண்டால் உறிஞ்சல் பலமாக இருந்தாலும் தண்ணீர் இன்ஜினுக்குள் போகாது. (நான் முதல் முறை பாட்டில் இல்லாமல் செய்தேன். அன்று மாலை புது ஆயிலையே மறுபடி மாற்ற வேண்டி வந்தது.) ஸ்டார்ட் செய்ததும் இரண்டு பக்கத் தண்ணீர் மட்டத்துக்கும் உள்ள வித்தியாசத்தை ஸ்கேல் வைத்துப் பாருங்கள். ஒரு செ.மீ. என்பது கிட்டத்தட்ட ஒரு மில்லிபார். டயாஃப்ரம் உள்ள பல இன்ஜின்களில் 10 முதல் 15 செ.மீ. வரை இழுப்பது சாதாரணம். 25-ஐத் தாண்டினால் டயாஃப்ரம் மேல் சந்தேகம் வர வேண்டும். தண்ணீர் எதிர்ப்பக்கம் தள்ளப்பட்டால் உள்ளே அழுத்தம். வண்டிக்கு வண்டி அளவு மாறும், சர்வீஸ் மேனுவலில் உங்கள் இன்ஜினுக்கான எண் இருந்தால் அதையே பிடித்துக்கொள்ளுங்கள்.

அழுத்தம் தள்ளுகிறது, ஆனால் ஹோஸ்களில் ஊதிப் பார்த்தால் வழி திறந்துதான் இருக்கிறது என்றால் மட்டும் ரிங் பக்கம் போங்கள். கம்ப்ரஷன் டெஸ்ட் எடுத்து, குறைவாக வரும் சிலிண்டரில் ஒரு ஸ்பூன் ஆயில் விட்டு மறுபடி எடுத்தால் எண் கணிசமாக ஏறும், ரிங் தேய்ந்திருந்தால். இன்னும் நிச்சயம் வேண்டுமென்றால் சிலிண்டருக்குள் காற்றழுத்தம் கொடுத்து, ஆயில் மூடி வாயில் காதை வையுங்கள். சீறல் அங்கே பலமாகக் கேட்டால் முதல் மெக்கானிக் சொன்னதுதான் சரி.

உங்கள் காலை நேர நீலப் புகைக்கு வால்வுத் தண்டு வழியாக ஆயில் இறங்காமல் தடுக்கும் ஸ்டெம் சீலும் காரணமாக இருக்கலாம் என்பதையும் மறக்காதீர்கள். ஆக்சிலரேட்டரை விட்டு நீண்ட இறக்கத்தில் வந்துவிட்டு மறுபடி மிதிக்கும்போது குப்பென்று நீலமாக வந்தால் சந்தேகம் அந்தப் பக்கம் போக வேண்டும். அப்புறம் இன்டேக் ஹோஸைக் கழற்றி உள்ளே விரலை விட்டுப் பாருங்கள். விரலில் பிசுபிசுப்பு இருந்தால் சாதாரணம், ஆயில் குளமாக நின்றால் செபரேட்டர் சரியாகப் பிரிக்கவில்லை.

முக்கால் லிட்டர் அதிகமா என்று கேட்டால், அதிகம்தான். அரை லிட்டர் வரை போவதை இயல்பு என்று கையேட்டில் எழுதும் கார் நிறுவனங்கள் உண்டு, அதையும் தாண்டிவிட்டது உங்கள் வண்டி.

கேள்வி: ஐட்லிங்கில் இன்ஜின் ஊளையிடுகிறது, ஆட்டமும் இருக்கிறது. ஸ்கேனரில் பி0171 என்ற கோளாறுக் குறியீடு. பிளக், காயில், ஏர் ஃபில்டர் எல்லாம் மாற்றியாகிவிட்டது. அடுத்து எதை மாற்றட்டும்?

எதையும் மாற்ற வேண்டாம், முதலில் டிப்ஸ்டிக்கை உருவுங்கள். இன்ஜின் ஓடும்போது உருவியதும் ஊளை நின்றுவிட்டால் கிழிந்தது டயாஃப்ரம்தான் என்று கிட்டத்தட்ட முடிவு கட்டிவிடலாம். கிராங்க்கேஸுக்குள் உறிஞ்சல் அளவு மீறியதால் கிராங்க் சீலின் உதட்டு வழியாக வெளிக்காற்று நுழைகிறது, ஊதலில் காற்று போகிற மாதிரி. அந்த உறிஞ்சலில் ஆயில் மூடியைத் திறக்கவே தம் கட்ட வேண்டியிருக்கும்.

பி0171 என்றால் காற்று அதிகம், பெட்ரோல் குறைவு. அளக்கப்படாத காற்று எங்கிருந்தோ நுழைகிறது. ஸ்கேனரில் ஃப்யூயல் ட்ரிம்மை (கம்ப்யூட்டர் பெட்ரோலைக் கூட்டிக் குறைக்கும் சதவீதம்) ஐட்லிங்கில் பாருங்கள், பிறகு 2500 ஆர்பிஎம்மில் பாருங்கள். ஐட்லிங்கில் ப்ளஸ் 20 சதவீதம் போல நின்று, ஆர்பிஎம் ஏற ஏறக் குறைந்தால் வேக்குவம் லீக். ஏர்ஃப்ளோ சென்சார் அல்லது பெட்ரோல் பம்ப் கோளாறு என்றால் பெரும்பாலும் நேர்மாறாக, வேகம் ஏறும்போது எண்ணும் ஏறும். வால்வு கவரோடு சேர்ந்த டயாஃப்ரமாக இருந்தால் அதன் மூடியில் குண்டூசித் தலை அளவுக்கு ஒரு மூச்சுத்துளை இருக்கும். அதில் விரலை வைத்ததும் இழுவை தெரிந்து சத்தம் மாறினால் வேறு சாட்சி தேவையில்லை. மாற்றிய காயில்கள் வீண் போகவில்லை, டிக்கியில் போட்டு வையுங்கள்.

கேள்வி: ஆயில் மூடியின் அடியில் வெண்ணெய் மாதிரி வெளுப்பாக ஒட்டியிருக்கிறது. ஹெட் கேஸ்கெட் போய்விட்டதா?

கூலண்ட் குறைகிறதா? டிப்ஸ்டிக்கிலும் அதே வெண்ணெய் இருக்கிறதா? இரண்டுக்கும் இல்லை என்றால் பயப்பட வேண்டாம். தினமும் நாலைந்து கிலோமீட்டர் மட்டும் ஓட்டினால் ஆயில் சூடேறாது, நீராவி வெளியேறாமல் மூடியில் படியும். வாரம் ஒருமுறை அரை மணி நேரம் நன்றாக ஓட்டுங்கள். அப்படியும் திரும்ப வந்தால் காற்றோட்ட ஹோஸ்களைக் கழற்றிப் பாருங்கள், அதே வெண்ணெய் அங்கேயும் அடைத்திருக்கும். கடுங்குளிர் உள்ள இடங்களில் இது உறைந்து குழாயை முழுசாக மூடிவிடும்.

கேள்வி: அளந்து பார்த்துவிட்டேன், செபரேட்டர்தான். ஸ்பேனர் பிடித்துப் பழக்கம் உண்டு. நானே மாற்றலாமா?

எந்த இன்ஜின் என்பதைப் பொறுத்தது. ஃபோக்ஸ்வாகனின் ஈஏ888 மாதிரி மேலேயே உட்கார்ந்திருக்கும் வகை என்றால் சில ஸ்க்ரூதான், அரை மணி வேலை. பழைய ஐந்து சிலிண்டர் வால்வோ மாதிரி இன்டேக் மேனிஃபோல்டுக்கு அடியில் ஒளிந்திருக்கும் வகை என்றால் ஒரு முழு நாளை ஒதுக்குங்கள்.

செபரேட்டரை மட்டும் வாங்காதீர்கள். அதோடு சேரும் ஹோஸ்கள், ஓ-ரிங்குகள், மேனிஃபோல்டைக் கழற்றுவதாக இருந்தால் அதன் கேஸ்கெட் என எல்லாவற்றையும் கையில் வைத்துக்கொண்டு ஆரம்பியுங்கள். வருடக்கணக்கில் சூட்டில் வெந்த பிளாஸ்டிக் குழாய் பிஸ்கட் மாதிரி ஆகியிருக்கும். கிளிப்பை அமுக்கியதும் பொலபொலவென்று உதிரும், உதிர்ந்த துண்டு விழுகிற இடம் பெரும்பாலும் திறந்திருக்கும் இன்டேக் ஓட்டைதான். மேனிஃபோல்டைத் தூக்கிய அடுத்த நொடியே ஓட்டைகளைச் சுத்தமான துணியால் அடையுங்கள். எத்தனை துணி வைத்தீர்கள் என்று எழுதியும் வையுங்கள், சிரிக்காதீர்கள், துணியை உள்ளேயே விட்டு ஸ்டார்ட் செய்தவர்களைப் பார்த்திருக்கிறேன். உடைந்த குழாயை மேஜையில் வைத்துப் பொருத்திப் பார்த்து, ஒரு துண்டு குறைந்தால் அது கிடைக்கும் வரை மேலே போகாதீர்கள்.

இன்ஜின் ஆறியபின் ஆரம்பியுங்கள். பேட்டரியின் நெகட்டிவைக் கழற்றிவிடுங்கள், ஒவ்வொரு கனெக்டரையும் கழற்றும் முன் மொபைலில் ஒரு படம். பழைய செபரேட்டர் வெளியே வந்ததும் புதியதை மாட்ட அவசரப்படாமல் வடிகுழாயின் வழியைப் பாருங்கள். கம்பி விட்டுக் குத்துவதைவிடக் குழாயையே மாற்றுவது நல்லது, சம்ப் பக்க ஓட்டையில் கசடு இருந்தால் வெளிப்பக்கமாக வழித்தெடுங்கள், உள்ளே தள்ளிவிடாதீர்கள். புது ஓ-ரிங்கில் ஒரு சொட்டு இன்ஜின் ஆயில் தடவினால் மடங்காமல் உட்காரும். போல்ட்களை முதலில் கையாலேயே மரையில் ஏற்றி, பிறகு டார்க் ரெஞ்ச். இங்கே வரும் எம்6 போல்ட்களுக்குப் பொதுவாக 8 முதல் 10 நியூட்டன் மீட்டர்தான், பிளாஸ்டிக் கவரில் அதற்கு மேல் முறுக்கினால் விரிசல் விட்டு இன்னொரு கவர் வாங்க வேண்டியதுதான்.

முடிந்ததும் ஆயிலையும் ஃபில்டரையும் மாற்றிவிட்டு, ஸ்கேனரில் பழைய கோளாறுக் குறியீடுகளையும் ட்ரிம் அளவுகளையும் அழித்து, அதே தண்ணீர்க் குழாயை மறுபடி மாட்டிப் பாருங்கள். பழைய எண்ணையும் புதிய எண்ணையும் பக்கத்தில் பக்கத்தில் எழுதி வைத்தால் அடுத்த முறை உங்களுக்கே உதவும்.

கேள்வி: டர்போ வண்டி. செபரேட்டரை மாற்றி மூன்று நாள் ஆகிறது, புகை இன்னும் நிற்கவில்லை. ஏமாந்துவிட்டேனா?

மூன்று நாள் போதாது. இன்டர்கூலரிலும் குழாய்களிலும் சைலன்சரிலும் தேங்கிய பழைய ஆயில் எரிந்து தீர வேண்டும். இன்டர்கூலரின் கீழ்ப்பக்க ஹோஸைக் கழற்றி வடித்துவிட்டால் சீக்கிரம் தீரும். சில நூறு கிலோமீட்டர் ஓடியபிறகும் அதே அளவு புகை என்றால் டர்போ சீல், அல்லது ஒரே திசையில் மட்டும் காற்றை விடும் செக் வால்வு. டர்போ இன்ஜினில் வாயு ஐட்லிங்கில் மேனிஃபோல்டுக்கும், பூஸ்ட் (டர்போ தள்ளும் காற்றழுத்தம்) ஏறும்போது டர்போவின் வாய்க்கும் போகும்படி இரண்டு வழி வைத்திருப்பார்கள். மேனிஃபோல்ட் பக்கத்து செக் வால்வு மூடாமல் நின்றால் பூஸ்ட் காற்று பின்னோக்கி கிராங்க்கேஸுக்குள் புகுந்து ஆயிலைத் தள்ளும். ஐட்லிங்கில் எடுத்த அளவில் இது தெரியவே தெரியாது. புது செபரேட்டரோடு செக் வால்வும் சேர்ந்து வந்ததா என்று பெட்டியைப் பாருங்கள்.

கேள்வி: இவ்வளவு தொல்லை எதற்கு? ஹோஸைக் கழற்றி வெளியே தொங்கவிட்டுவிட்டால் என்ன?

1960களின் தொடக்கம் வரை பெரும்பாலான கார்கள் அப்படித்தான் ஓடின, ஒரு குழாய் வழியாகப் புகையை ரோட்டிலேயே விட்டார்கள். நகரங்களில் புகைமூட்டம் தாங்காமல்தான் மூடிய முறை கட்டாயமாக்கப்பட்டது. இன்று பல நாடுகளில் அதை அவிழ்ப்பது சட்டவிரோதம். சட்டம் கிடக்கட்டும், உறிஞ்சல் இல்லாவிட்டால் ஈரமும் அமிலமும் ஆயிலிலேயே தங்கிக் கசடாகும், ஏசி போட்டதும் காருக்குள்ளே ஆயில் நாற்றம் வரும். இன்டேக்கில் மாட்டியிருந்த பக்கத்தைத் திறந்தே விட்டீர்கள் என்றால் இன்ஜின் ஐட்லிங்கில் ஒழுங்காக ஓடவே ஓடாது.

கேள்வி: பழைய செபரேட்டரை பெட்ரோலில் கழுவி மறுபடி போடலாமா?

டயாஃப்ரம் இல்லாத, வெறும் தடுப்புத் தகடுகளோ கம்பி வலையோ உள்ள வகை என்றால் கழுவலாம், நன்றாகக் காயவிட்டுப் போடுங்கள். குலுக்கினால் கடகடக்கும் கிராங்க்கேஸ் காற்றோட்டத்துக்கான சாதாரண பிசிவி வால்வும் அப்படித்தான், கழுவியபிறகும் கடகடக்கவில்லை என்றால் தூக்கிப் போடுங்கள். ரப்பர் டயாஃப்ரம் உள்ளதில் பெட்ரோலோ கார்புரேட்டர் கிளீனரோ பட்டால் ரப்பர் ஊதிப் பெருத்து, அடுத்த மாதம் இதே பக்கத்துக்கு ஊளைச் சத்தம் பற்றிக் கேள்வி அனுப்புவீர்கள்.