‘ஹைமாட்’ என்ற ஜெர்மன் தொடர் 15 மணி நேரத்துக்கு மேல் ஓடுகிறதாமே, பார்க்கலாமா?

நீங்கள் ஜெர்மனிக்கு வந்து அதிக நாள் ஆகியிருக்காது என்று நினைக்கிறேன். இங்கே வயதான யாராவது உங்களிடம் சொல்லியிருப்பார்கள். எனக்கு வீட்டுக்காரம்மா சொன்னார். தாராளமாகப் பாருங்கள். ஆனால் வேகத்தைக் கூட்டி ஓட்டிப் பார்ப்பதாக இருந்தால் வேண்டாம். எதையும் பொறுமையாகப் பார்க்க இப்போது யாருக்கும் முடியவில்லை, அது எனக்குப் பெரிய வருத்தம்.

எட்கர் ரைட்ஸ் இயக்கி 1984இல் ஒளிபரப்பான 11 பகுதிகள் இவை. ஹுன்ஸ்ரூக் பகுதியில் ஷாபாக் என்ற கற்பனைக் கிராமத்தின் கதை, 1919 முதல் 1982 வரை. முதல் உலகப் போர் முடிந்து நடந்தே ஊர் வந்து சேர்ந்த பவுல், 1928இல் ஒருநாள் மனைவி மரியாவையும் இரண்டு பிள்ளைகளையும் விட்டுவிட்டுச் சொல்லாமல் அமெரிக்கா போய்விடுகிறான். ‘ஹைமாட்’ என்பதற்குத் தாயகம் என்று எழுதுகிறார்கள். எனக்கு அது ‘ஊர்’. “நீங்க எந்த ஊர்?” என்று கேட்கிறோமே, அந்த ஊர்.

1939இல் பவுல் ஹாம்பர்க் துறைமுகம் வரை வந்துவிடுகிறான். குடும்பப் பெயர் சைமன், யூதப் பெயரோ என்று நாஜி ஆட்சியில் சந்தேகம் வரக்கூடிய பெயர். ஆரிய வம்சம்தான் என்று காட்டும் சான்று கையில் இல்லாததால் கப்பலை விட்டு இறங்க விடவில்லை. அதற்குள் போர் வந்துவிடுகிறது.

அந்தப் பகுதியை நான் அழுதுகொண்டே பார்த்தேன். என் அம்மாச்சி இறந்தபோது என் விசா புதுப்பிப்பில் இருந்தது. இடைக்காலமாகக் கொடுத்த தாளில் குறித்திருந்தபடி, நாட்டை விட்டுப் போனால் திரும்பி வர முடியாது. விசா அலுவலகத்துக்கு மூன்று மின்னஞ்சல் அனுப்பினேன், பதில் இல்லை. பதினாறாம் நாள் காரியத்தை செல்போனில்தான் பார்த்தேன். நாஜி காலத்தையும் விசா தாமதத்தையும் ஒன்றாக்குகிறான் என்று யாரும் சண்டைக்கு வர வேண்டாம். இரண்டும் ஒன்றல்ல, எனக்கும் தெரியும். தொடரில் யூதர்களுக்கு நேர்ந்தது ஓரமாகத்தான் வருகிறது என்ற விமர்சனமும் நியாயமானதே. ஒரு தாள் இல்லாமல் வாசலோடு நிற்பது எப்படி இருக்கும் என்பதை மட்டும்தான் சொல்கிறேன்.

1946இல் பவுல் பெரிய காரில் அமெரிக்கராக வந்து இறங்குவான். அப்போது மரியா அவனிடம் எப்படி நடந்துகொள்கிறாள் என்று கவனியுங்கள். ஏழு மாதம் கழித்து நான் ஊருக்குப் போனேன். சின்ன வயதிலிருந்து “வாடா” என்றே கூப்பிட்ட மாமா, திண்ணையிலிருந்து எழுந்து நின்று “வாங்க தம்பி” என்றார்.